'அனுமதியற்ற கோயில்': ஒரு சொல்லாய்வு

ஒரு சொல்லை ஆராயாமல் ஏற்றுக்கொள்வது மொழியாசிரியருக்கு அழகன்று. மலேசியச் செய்தித்தாள்களில் வழங்கிவரும் 'அனுமதியற்ற கோயில்' என்னும் தொடர் அத்தகைய ஆராய்ச்சியை வேண்டி நிற்கிறது. கோயிலுக்கு முன் வந்து நிற்கும் அந்த அடைமொழி, எதற்கான அனுமதி, யாருடைய அனுமதி என்னும் இரு வினாக்களையும் விழுங்கிவிடுகிறது.

சுங்கை பெசார் முதல் கோலசிலாங்கூர் வரையிலான வட்டாரத் தோட்டங்களை எண்ணிப் பாருங்கள். அங்கே லயங்களின் அருகே மாரியம்மனுக்கும் முனியாண்டிக்கும் எழுந்த கோயில்களை யாரும் திருட்டுத்தனமாகக் கட்டவில்லை. தோட்டத் துரையின் வாய்ச்சொல்லே அன்று அனுமதியாக இருந்தது. தொழிலாளர் தந்த சந்தாப் பணத்தில் கொட்டகை கற்கட்டடமாயிற்று. கிடைக்காமற்போனது நிலத்தின் கிராண்டு ஒன்றே. பின்னர்த் தோட்டம் கைமாறியபோது நிலத்தோடு மரங்களும் விலைபோயின; வாய்ச்சொல் மட்டும் விலைப் பத்திரத்தில் ஏறவில்லை. நேற்றுவரை ஊர்க்கோயிலாக இருந்தது, ஒரு கையெழுத்தில் 'அனுமதியற்றது' ஆயிற்று.

இவ்விடத்தில் நம் எழுத்தாளர் வழக்கமாக எடுத்துரைப்பது கோயிலின் பழமையை. உணர்ச்சிக்கு அது வலிமையான வாதம், சட்டத்துக்கு அன்று. 1965ஆம் ஆண்டுத் தேசிய நிலச் சட்டத்தின்படி எத்தனை ஆண்டுகள் அனுபவித்தாலும் அவ்வனுபவத்தால் மட்டும் நிலம் உரிமையாகாது. கூட்டரசு அரசியலமைப்பின் 11ஆவது பிரிவு, சமயக் குழுக்கள் சொத்து வாங்கவும் வைத்திருக்கவும் உரிமை தருகிறது. வாங்காத நிலத்தை அது வாங்கித் தருவதில்லை.

சீபீல்டு மகா மாரியம்மன் கோயில் வழக்கை நோக்குக. 2014 மார்ச்சு 11ஆம் நாள் ஷா ஆலம் உயர் நீதிமன்றத்தில் இணக்கத் தீர்ப்பொன்று பதிவாயிற்று. நில உரிமையாளரான நிறுவனம், சிலாங்கூர் மாநில அரசு, கோயில் நிருவாகத்துக்கு உரிமை கோரிய இரு தரப்பினர் ஆகிய நால்வரும் கோயிலை இடம் மாற்ற ஒப்பினர். ஆனால் நாள்தோறும் விளக்கேற்றிய பக்தர்களின் மனம் அத்தாளில் இடம்பெறவில்லை. 2018 நவம்பர் இறுதியில் கலவரம் மூண்டது. காயமுற்ற தீயணைப்பு வீரர் ஒருவர் டிசம்பரில் உயிரிழந்தார். நிருவாகத்தில் நாம் இருகூறாய் நின்றதும் அத்துயரத்தின் ஒரு பகுதி என்பதை மறைத்தெழுதுவது திறனாய்வாகாது.

கோலாலம்பூர் மஸ்ஜிட் இந்தியா பகுதியின் தேவி ஸ்ரீ பத்ரகாளியம்மன் கோயில் மற்றொரு சான்று. ஏறத்தாழ 130 ஆண்டுப் பழமையுடையதெனக் கூறப்படும் அக்கோயில் நின்ற நிலம், 2014இல் தனியார் நிறுவனத்துக்கு விற்கப்பட்டது. 2025 மார்ச்சில் ஏற்பட்ட இணக்கத்தின்படி அருகிலேயே வேறோர் இடம் ஒதுக்கப்பட்டது. புதிய இடம் வழிபாட்டுத் தலமாக அரசிதழில் பதிவு செய்யப்படும் என்னும் உறுதியே அவ்விணக்கத்தின் உயிர்நாடி. பழமை பெற்றுத் தராத காப்பைப் பதிவு பெற்றுத் தரும் என்பதே அதன் பொருள்.

இப்பாடத்தை நம் முன்னோர் அறியாதவர் அல்லர். தோட்டத் துண்டாடலுக்கு விடையாக 1960இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் துன் வீ.தி. சம்பந்தன் தோற்றுவித்தார். கண்ணீர் விடுவதோடு நில்லாமல் தொழிலாளரின் சிறு சேமிப்பைத் திரட்டி நிலத்தையே வாங்கிய செயல் அது.

ஆகவே 'அனுமதியற்ற கோயில்' என்று எழுதும் மாணவரை ஆசிரியர் நிறுத்திக் கேட்கவேண்டும். நிலவுரிமை இல்லையா? கட்டட வரைபடத்துக்கு ஊராட்சி மன்றத்தின் ஒப்புதல் இல்லையா? நிருவாகச் சங்கம் பதிவு பெறவில்லையா? மூன்றும் வெவ்வேறு குறைகள். மூன்றுக்கும் வெவ்வேறு தீர்வுகள். மூன்றையும் ஒரே அடைமொழிக்குள் அடைப்பவர், கட்டியவர்மீது குற்றவாளி என்னும் பட்டத்தையும் சேர்த்தே சுமத்துகிறார். அதனை மறுக்கும் நாமும் பத்திரத்தைத் தேடாமல் பழமையை மட்டும் பாடிக்கொண்டிருந்தால், அடுத்த அறிவிப்பு வரும் நாளில் நம் கையில் பாட்டு மட்டுமே இருக்கும்.