மாயம் என்னும் சொல்லும் லோரியென் நெசவும்

கற்பனைப் பண்பாடு ஒன்றைப் படைக்கும் எழுத்தாளர் அதற்கு நாடு, குலம், வரலாறு ஆகியவற்றை அமைப்பது பெருவழக்கு. அப்பண்பாட்டினரிடம் எந்தச் சொல் இல்லை என்பதையும் உறுதிசெய்து, அவ்வின்மையைக் கதைக்குள்ளேயே புலப்படுத்துவோர் மிகச் சிலர். ஆக்ஸ்ஃபோர்டில் பழைய ஆங்கிலம் கற்பித்த மொழிநூலறிஞர் ஜே. ஆர். ஆர். டோல்கீன் (1892–1973) அச்சிலருள் ஒருவர். 1954–55ஆம் ஆண்டுகளில் வெளிவந்த அவருடைய ‘த லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ புதினத்தில் எல்ஃப் இனத்தார் நெய்து வழங்கும் மேலங்கிகள் இதற்குத் தக்க சான்று. இவற்றை ‘மாய அங்கி’ எனத் தமிழில் பெயர்த்துவிடுவது எளிது. அந்த எளிமையே இங்கு ஆய்வுக்குரியது.

லோரியென் வனநாட்டை விட்டுப் புறப்படும் பயணக் குழுவினர் எண்மருக்கும், அந்நாட்டுத் தலைவி கலாத்ரியேலும் அவள் தோழியரும் நெய்த துணியாலான சாம்பல்நிற அங்கிகள் அளிக்கப்படுகின்றன. ஒளி மாறினாலும் துணி அசைந்தாலும் அவற்றின் நிறம் சூழலோடு இயைந்து மாறும். அணிந்தவரைப் பகைவர் கண்ணில் படாமல் அவை காக்கும். அம்பையோ வாளையோ தடுக்கா. இவை மாய ஆடைகளா எனப் பிப்பின் என்னும் இளம் ஹாபிட் வினவுகிறான். அச்சொல்லால் அவன் கருதுவது யாதெனத் தமக்குத் தெரியவில்லை என்கிறார் எல்ஃப் தலைவர். ஆடை அழகியது, நெசவு நல்லது, இந்நாட்டில் செய்தது என்ற அளவில் விடையிறுக்கிறார். முந்தைய இயல் ஒன்றில் கலாத்ரியேலும் சாம் என்னும் ஹாபிட்டிடம் இதனையொத்த கருத்தைக் கூறியுள்ளாள். தங்கள் கலையையும் பகைவனின் வஞ்சத்தையும் அவன் இனத்தார் ஒரே சொல்லால் சுட்டுவது அவளுக்கு விளங்கவில்லை.

இம்மறுப்பை அடக்கத்தின் வெளிப்பாடு எனக் கொள்வது பொருந்தாது. அதே காட்சியில் எல்ஃப் கயிறுகளும் படகில் ஏற்றப்படுகின்றன. சாம் தோட்டக்காரன், கயிறு திரிக்கும் தொழில் அவன் குடும்பத்தில் உண்டு. அவனுக்கு இத்தொழிலில் நாட்டம் உண்டென முன்பே தெரிந்திருந்தால் கற்றுக்கொடுத்திருக்கலாமே என்கிறார் எல்ஃப் ஒருவர். தோட்டக்காரனுக்குக் கற்பிக்கத்தக்கது கைத்தொழிலேயன்றி மறைபொருளான வித்தை ஆகாது. 1951இல் மில்டன் வால்ட்மனுக்கு எழுதிய நீண்ட கடிதத்திலும், எல்ஃப் இனத்தாரின் ‘மாஜிக்’ என்பது கலையே, அதன் நோக்கம் ஆதிக்கம் அன்று என டோல்கீன் விளக்கியுள்ளார்.

ரோஹன் நாட்டார் இதே ஆடையை வேறு கண்கொண்டு காண்கின்றனர். புல்வெளியில் அமர்ந்திருந்த மூவரையும் காணாமலே கடந்துவிட்ட குதிரைவீரர் தலைவன் எயோமர், அவர்கள் லோரியென் தலைவியின் ஆதரவு பெற்றவர்கள் என அறிந்ததும், இவர்களும் வலை பின்னும் சூனியக்காரரோ என ஐயுறுகிறான். பின்னர் அரசவையில் கிரிமா என்னும் வஞ்சக அமைச்சன், அந்நாட்டில் வஞ்ச வலைகள் நெய்யப்படுவது புதிதன்று என இகழ்கிறான். அவன் லோரியெனுக்கு வழங்கும் பெயர் ‘ட்விமொர்டீன்’. ரோஹன் மொழிக்கு ஈடாகப் பழைய ஆங்கிலத்தை டோல்கீன் கையாண்டிருப்பதால் இப்பெயரின் பொருள் வெளிப்படை: பொய்த்தோற்றத்தைக் குறிக்கும் ‘யெட்விமொர்’ என்னும் சொல்லிலிருந்து பிறந்த, பொய்த்தோற்றப் பள்ளத்தாக்கு.

இனித் தமிழுக்கு வருவோம். பொய்த்தோற்றம், வஞ்சனை, வியத்தகு ஆற்றல் ஆகிய மூன்றையும் ‘மாயம்’ சுட்டும். ஆகவே பிப்பின் வாயில் அச்சொல் மிகப் பொருத்தமானது. கலாத்ரியேல் குறை கூறும் பொருள் மயக்கம் தமிழிலும் அப்படியே அமைந்துவிடுகிறது. ‘மந்திரம்’ அவ்வளவு பொருந்தாது. அது ஓதப்படுவது, இத்துணியின்மீது எவரும் எதனையும் ஓதவில்லை. பிழை நேர்வது, பாத்திரத்தின் சொல்லைக் கதைசொல்லியின் சொல்லாக மாற்றும்போது. மூலத்தில் கதைசொல்லி ‘எல்ஃப் அங்கி’ என்றே குறிக்கிறார். சிறுவர் கதைகளின் மாயக் கம்பளமும் மாய விளக்கும் கைக்குப் பழகிவிட்டமையால் ‘மாய அங்கி’ என்னும் தொடர் தானே வந்து விழும். கதைசொல்லி ஒருமுறை அவ்வாறு கூறிவிட்டால், அச்சொல் புரியவில்லை என்னும் எல்ஃப் தலைவர் ஒன்று நடிப்பவராகத் தோன்றுவார், அன்றேல் அறியாதவராகத் தோன்றுவார். கிரிமா சொல்லுவதும் பழிச்சொல்லாக ஒலியாது. நூலே ஒப்புக்கொண்ட செய்தியாகிவிடும். தமிழில் துணிக்கு ஊரால் பெயரிடும் மரபு உண்டு: காஞ்சிப் பட்டு, மதுரைச் சுங்குடி. ‘லோரியென் அங்கி’ அவ்வழியே இயல்பாக அமையும். இந்நாட்டில் செய்தது என்னும் விடைக்கும் அது இசைவானது.

மற்றொரு சிக்கல் இதனினும் நுட்பமானது. எல்ஃப் தலைவர் நெசவைக் குறிக்க ஆளும் ‘வெப்’ என்னும் சொல்லையே கிரிமா வஞ்ச வலைக்கும் ஆள்கிறான். பிற்பகுதியில் ஷீலோப் என்னும் பெருஞ்சிலந்தி கட்டும் வலைக்கும் அதுவே சொல். ஒரே சொல் நற்பொருளும் தீப்பொருளும் ஏற்பது தற்செயல் அன்று. கலாத்ரியேலின் குறையை அது சொல்லளவில் மீண்டும் நிகழ்த்துகிறது. ‘நெசவு’, ‘வலை’ எனத் தமிழில் பிரித்து எழுதினால் அவ்விணைப்பு அறுந்துபோகும். ‘இழை’ என்னும் சொல் இங்கு உதவக்கூடும். இழை நூலுக்குப் பெயர்; சிலந்தியிழை என்பதும் வழக்கே. ‘இழைத்தல்’ நுண்ணிய வேலைப்பாட்டையும் குறிக்கும், தீங்கிழைத்தல், வஞ்சம் இழைத்தல் என்னும் வழக்குகளிலும் வரும். இவை யாவும் ஒரே வேரினவா என்பது வேறு ஆய்வு. மொழிபெயர்ப்பாளருக்கு ஒலி ஒற்றுமையே போதும். எல்ஃப் தலைவர் இழை நல்லது என்று கூற, கிரிமா அங்கே வஞ்சமே இழைக்கப்படுகிறது என்று கூறுவானாயின், மூலத்தின் முரண் பெருமளவு நிலைபெறும். வலை என்னும் உருவகம் கிரிமாவின் கூற்றில் ஓரளவு மங்கும் என்பதை மறுப்பதற்கில்லை. எயோமரின் பேச்சில் வலை தெளிவாகவே இருப்பதால் அவ்விழப்பு பொறுக்கத்தக்கது.

கயிற்றின் மூலப்பொருளுக்கு எல்ஃப் மொழியில் ‘ஹித்லைன்’ என்று பெயர். மூடுபனியைக் குறிக்கும் ‘ஹீத்’, இழையைக் குறிக்கும் ‘லைன்’ ஆகியவற்றின் கூட்டு அது. ‘பனியிழை’ என அழகாகப் பெயர்த்துவிடலாம் என்னும் ஆவல் எழுவது இயல்பே. ஆயினும் அக்காட்சியில் எல்ஃப் அச்சொல்லுக்குப் பொருள் கூறுவதில்லை. சாமும் பொருள் அறியாமலே கயிற்றைப் பெற்றுச் செல்கிறான். 1975இல் அச்சேறிய, மொழிபெயர்ப்பாளருக்கான பெயர் வழிகாட்டியிலும், தாம் பட்டியலிடாத பெயர்களை மாற்றாது விடுமாறு டோல்கீன் அறிவுறுத்தியுள்ளார். ஹித்லைன் பொதுப்பெயரே எனினும் அந்நெறி அதற்கும் ஏற்கும். ஒலிபெயர்ப்பில் மட்டும் கவனம் வேண்டும்: ‘லெயின்’ என எழுதுவது ஆங்கில எழுத்துக்கூட்டை ஆங்கில முறையில் படிப்பதன் விளைவு, நூலின் பிற்சேர்க்கை தரும் ஒலிப்புக்குத் தமிழ் ஐகாரமே நெருக்கமானது.