எல்லோருக்கும் குரல் உண்டு: ஓட்டார் இயோசெலியானியின் திரைக்கலை

ஜார்ஜிய நாட்டுப்பாடல்கள் பலவற்றில் மூன்று குரல்கள் தனித்தனி வழியில் போகும்; எதுவும் இன்னொன்றுக்குப் பின்பாட்டாக ஒடுங்கிப் போவதில்லை. 2001இல் யுனெஸ்கோ மனிதகுலத்தின் அருஞ்செல்வமாக அறிவித்த மரபு அது. ஓட்டார் இயோசெலியானி (1934–2023) 1969இலேயே அதைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுத்தார். அவருடைய கதைப்படங்களின் கட்டுமானமும் அந்தப் பாட்டிலிருந்தே வந்தது என்பது என் துணிபு.

திபிலிசியில் பிறந்து அங்கேயே இசை பயின்றவர். மாஸ்கோ பல்கலைக்கழகத்தில் கணிதம் படித்தார். அதன்பின்தான் திரைப்படக் கல்லூரிக்குள் நுழைந்தார். ஒவ்வொரு ஷாட்டையும் முன்கூட்டியே வரைந்து வைத்துக்கொண்டு படப்பிடிப்புக்குப் போகும் பழக்கத்தில் இசை, கணிதம் என்ற இரண்டு படிப்பும் தெரிகின்றன. புதுவீட்டில் மரச்சாமான்கள் பெருகப் பெருக ஓர் இளஞ்சோடியின் காதல் வற்றிப்போவதை, பேச்சைப் பெரும்பாலும் ஒதுக்கி ஒலிகளாலேயே சொன்ன ‘ஏப்ரல்’ (1962) தடைசெய்யப்பட்டது. அதன்பின் அவர் ருஸ்தாவி நகரத்து உருக்காலையில் வேலைக்குப் போனார். அந்த அனுபவம் ‘வார்ப்பிரும்பு’ (1964) என்ற குறும்படமாயிற்று.

‘உதிரும் இலைகள்’ (1966) ஒயின் ஆலையில் வேலைக்குச் சேரும் இளைஞனின் கதை. பக்குவப்படாத ஒயினைப் புட்டியில் அடைக்க அவன் மறுக்கிறான். கதை தொடங்குமுன் கிராமத்துத் திராட்சை அறுவடையை நிதானமாகக் காட்டிவிடுகிறார் இயக்குநர். அதனால் அவன் மறுப்புக்கு விளக்கவசனம் தேவைப்படவில்லை. எதைக் காக்க நிற்கிறான் என்பது நமக்கு ஏற்கெனவே தெரியும்.

அவருடைய சிகரம் ‘பாடும் கரும்பறவை ஒன்று இருந்தது’ (1970). நாயகன் கியா, ஓபரா இசைக்குழுவில் முரசு வாசிப்பவன். நிகழ்ச்சியின் தொடக்கத்திலும் முடிவிலும்தான் அவனுக்கு வேலை. இடையில் ஊரெல்லாம் சுற்றிவிட்டு, நடத்துநரின் கோல் உயரும் கணத்தில் ஓடிவந்து முரசை முழக்குகிறான். நண்பர்கள், பெண்கள், விருந்தாளிகள் என ஆளாளுக்கு அவன் நாளைப் பங்குபோடுகிறார்கள். எழுத நினைத்த இசை எழுதப்படாமலே சாலை விபத்தில் மாட்டுகிறான். கடிகாரம் பழுதுபார்க்கும் நண்பர் தொப்பி மாட்ட அவன் அடித்துக்கொடுத்த ஆணி மிஞ்சுகிறது. அவனை வீணன் என்று தள்ள இயோசெலியானிக்கு மனம் வரவில்லை. பிறருக்காகச் செலவான நாளையும் வாழ்வின் கணக்கில் சேர்க்கும் படம் இது.

சோவியத் அதிகாரிகளோடு இழுபறி நீண்டது. 1980களின் தொடக்கத்தில் பிரான்சுக்குப் போனார். இடமும் மொழியும் மாறின, கட்டுமானம் மாறவில்லை. வெனிஸ் விழாவில் நடுவர் சிறப்புப் பரிசு பெற்ற ‘நிலவின் செல்லப்பிள்ளைகள்’ (1984) படத்தில் ஓர் ஓவியமும் பீங்கான் தட்டுகளும் கைமாறிக்கொண்டே போகின்றன. ஓவியத்தைத் திருடுகிறவர்கள் சட்டத்திலிருந்து வெட்டியெடுப்பதால் ஒவ்வொரு திருட்டிலும் அது சுருங்குகிறது. செல்வர், திருடர், காவலர், விலைமகளிர் எல்லோரும் ஒரே சங்கிலியில் கோக்கப்படுகிறார்கள். அண்மைக்காட்சியை அவர் பெரும்பாலும் தவிர்த்தது இதற்காகவே. ஒரு முகத்தை நெருங்கினால் மற்ற குரல்கள் அடங்கிவிடும்.

நடிகராகவும் அவர் இதே நெறியில் நின்றார். ‘விடைபெறுகிறேன், இனிய இல்லமே’ (1999) படத்தில் செல்வக் குடும்பத்தின் ஒதுக்கப்பட்ட தந்தை அவர்தான். தன் அறையில் பொம்மை ரயிலோடும் மதுவோடும் அடைபட்டவர், வீடற்ற ஒருவரைத் தோழராக்கிக்கொள்கிறார். பெர்லின் விழாவில் சிறந்த இயக்குநருக்கான வெள்ளிக்கரடி பெற்றுத்தந்த ‘திங்கட்கிழமை காலை’யில் (2002) வெனிஸ் நகரத்துப் பிரபுவாக வருகிறார். இரண்டிலும் காட்சியைத் தன் பக்கம் இழுப்பதில்லை; கூட்டத்தில் ஒருவராகவே இருந்துவிட்டுப் போகிறார்.

அவரைப் பிரெஞ்சுக் காலம், ஜார்ஜியக் காலம் என்று பிரித்துப் படிப்பது வசதியானது; ஆனால் போதாது. திபிலிசித் தெருவிலும் பாரிஸ் தெருவிலும் அவர் கேட்டது ஒரே சங்கீதம். தலைமைப் பாத்திரத்தைச் சார்ந்திராமலே ஒரு சமூகத்தை முழுதாகக் காட்டமுடியும் என்று அவர் படங்கள் நிறுவுகின்றன. கதாநாயகனைச் சுற்றியே சிந்தித்துப் பழகிய எந்தத் திரையுலகமும் இவரிடம் பாடம் கேட்கலாம்.