கனவின் ஒழுங்கு

கனவைப் படமாக்குவோர் பலர் குழப்பத்தையே கனவெனக் கருதிவிடுகின்றனர். மாயா டெரனும் அலெக்சாண்டர் ஹாமிதும் 1943இல் தம் லாஸ் ஏஞ்சலிஸ் இல்லத்தில் எடுத்த ‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’ என்னும் 14 நிமிடக் குறும்படத்திலோ கடும் ஒழுங்கு உண்டு. பூவும் சாவியும் கத்தியும் மீண்டும் மீண்டும் வருகின்றன. ஒவ்வொரு சுற்றிலும் அச்சம் மிகுகிறது. கத்தியேந்திய நாயகி, உறங்கும் தன்னையே நோக்கி நடக்கையில் கடல்மணல், புல், நடைபாதை, விரிப்பு என அடிக்கோர் இடம் மாறுகிறது, நடை அறுபடுவதில்லை.

இப்பொருள்களுக்கு ஃப்ராய்டிய விளக்கம் தேடுவதை டெரன் ஏற்கவில்லை. அவர் பக்கமே நியாயம் இருப்பதாக நாம் கருதுகிறோம். இறுதியில் நாயகியின் உயிரற்ற உடலில் கடற்பாசி படிந்திருக்கிறது. குறியீட்டு அகராதி எதுவும் அதை விளக்காது. மணலில் வைத்த அந்த முதல் அடியைக் கவனித்தவர்க்கே அது எங்கிருந்து வந்ததென்று புரியும்.