நாகையாவின் அப்பாக்களை ரசிப்பது எப்படி?

மதியச் சாப்பாடு முடித்து டிவியைப் போட்டால், ஏதாவது ஒரு சேனலில் பழைய படமோ சீரியலோ ஓடிக்கொண்டிருக்கும். அதில் ஓர் அப்பா இருப்பார். கதை அவருடையதல்ல. ஆனாலும் அவர் குரல் தழுதழுத்தால் நமக்கும் தொண்டை அடைக்கும். அந்த அப்பா வேடத்துக்கு மரியாதை தேடித்தந்தவர் சித்தூர் வி. நாகையா. குணச்சித்திர நடிப்பை ரசிக்கப் பழக அவரிடமிருந்தே தொடங்கலாம்.

ஊரைத் தெரிந்துகொள்ளுங்கள்

நாகையா 1904இல் ரேபள்ளெயில் பிறந்தவர். பெயரோடு சேர்ந்துகொண்ட ஊர் சித்தூர். அங்கிருந்த ராம விலாச சபாவின் மேடைதான் அவரை நடிகராக்கியது. பழைய வட ஆற்காட்டின் ஒரு பகுதியைச் சேர்த்து 1911இல் உருவானது சித்தூர் மாவட்டம். சித்தூரிலும் திருப்பதியிலும் தமிழும் தெலுங்கும் இன்றும் பக்கத்துப் பக்கத்து வீடுகளில் புழங்குகின்றன. நாகையாவும் இரண்டு மொழிப் படங்களிலும் வீட்டு மனிதராகவே இருந்தார்.

முதலில் நாயகனாகப் பாருங்கள்

‘பக்த போதனா’வில் (1943) அவர்தான் போதனா. ‘தியாகய்யா’வில் (1946) நடித்து, பாடி, இயக்கவும் செய்தார். இவற்றில் ஒன்றையாவது பார்த்துவிட்டு, பிறகு அவருடைய அப்பா வேடங்களுக்கு வாருங்கள். ஒரு படத்தையே தோளில் சுமந்தவர், இங்கே நாலு வசனத்தோடு ஓரமாக நிற்பார். கைவசம் உள்ளதையெல்லாம் கொட்டாமல், காட்சிக்கு வேண்டியதை மட்டும் அளந்து கொடுப்பதுதான் இந்தக் கலை. அவர் எதை அடக்கி வைத்திருக்கிறார் என்று தெரிந்தால்தான் அந்த அளவின் அழகு பிடிபடும்.

கேட்கும்போது கவனியுங்கள்

‘சம்பூர்ண ராமாயணம்’ (1958) படத்தில் அவர் தசரதன். கைகேயி வரம் கேட்கும் இடத்தில், பேசுகிறவரை விட்டுவிட்டுக் கேட்கிறவரைப் பாருங்கள். கண், கழுத்து, கை, மூச்சு என்று ஒவ்வொன்றாகக் கவனியுங்கள். வசனம் எழுத்தாளர் தந்தது. வசனம் இல்லாத நொடிகள் முழுக்க நடிகருடையவை.

இரண்டு அப்பாக்களை ஒப்பிடுங்கள்

சித்தூர் மேடையில் அவர் ‘சாரங்கதரா’ நாடகத்தில் சித்ராங்கியாக, பெண் வேடத்தில் நடித்தவர். மூத்தாள் மகன் மேல் ஆசைப்பட்டு, அது நடக்காதபோது அவன் மீதே பழி போடும் சிற்றன்னையின் கதை அது. 1941இல் எம்.கே. தியாகராஜ பாகவதருடன் நடித்த ‘அசோக்குமார்’ படத்திலும் அதே சிக்கல்தான். இப்போது நாகையா அசோகச் சக்கரவர்த்தி; அந்தப் பழியை நம்பி மகனைத் தண்டிக்கும் தகப்பன். இருபது ஆண்டு கழித்து, ‘பாவ மன்னிப்பு’ (1961) படத்தில் அவர் இஸ்மாயில். யாரோ பெற்ற பிள்ளையைத் தன் பிள்ளையாக வளர்க்கிறவர். பெற்ற மகனை நம்பாத தகப்பனையும் பெறாத மகனை நெஞ்சில் வைத்துத் தாங்கும் தகப்பனையும் அடுத்தடுத்துப் பாருங்கள். ஒரு நடிகரின் வாழ்க்கையை முழுதாகப் பார்க்கிற சுகம் அங்கே கிடைக்கும்.

பிறகு சீரியலுக்கு வாருங்கள்

சினிமாவில் குணச்சித்திர நடிகருக்குச் சில காட்சிகளே உண்டு. அதற்குள் ஒரு முழு மனிதரைக் காட்டியாக வேண்டும். சீரியலில் கஷ்டம் வேறு மாதிரி. ஒரே மனிதராக நூற்றுக்கணக்கான எபிசோடுகள், மறுபடி மறுபடி அதே கோபம், அதே கண்ணீர். ‘மெட்டி ஒலி’யில் ஐந்து பெண்களைப் பெற்ற அப்பாவாக டெல்லி குமார் அந்தப் பாரத்தைத் தாங்கினார். ‘எதிர்நீச்சல்’ ஆதி குணசேகரனாக வந்த மாரிமுத்து, வெறுக்கத்தக்க ஒரு குடும்பத் தலைவரை ஊரே பேசும்படி செய்தார். 2023 செப்டம்பரில், அந்தத் தொடருக்கு டப்பிங் பேசப் போன இடத்தில்தான் அவருக்கு மாரடைப்பு வந்தது, அன்றே காலமானார். இத்தகையவர்களைப் பார்க்கும்போது நேற்றைய கோபத்துக்கும் இன்றைய கோபத்துக்கும் என்ன வித்தியாசம் என்று தேடுங்கள். வித்தியாசம் தெரிந்தால் அவர் பெரிய நடிகர்.

நாகையாவுக்கு 1965இல் பத்மஸ்ரீ கிடைத்தது. சம்பாதித்ததை வாரிக் கொடுத்தவர், கடைசிக் காலத்தில் பணக்கஷ்டத்தோடு வாழ்ந்து 1973 டிசம்பர் 30 அன்று சென்னையில் மறைந்தார். இப்படிப்பட்ட நடிகர்களுக்கு ரசிகர் மன்றம் அமைவது அரிது. அவர்களுக்கு நாம் தரக்கூடியது நம் கவனம்தான். அடுத்த முறை டைட்டில் ஓடும்போது, நாயகன் நாயகி பெயரோடு கண்ணை எடுத்துவிடாமல் அதற்கடுத்து வரும் பெயர்களையும் படியுங்கள்.