‘மகாத்மா காந்தி’ ஆவணப்படம்: உருவமும் கூற்றும்

ஏ.கே. செட்டியார் உருவாக்கிய ‘மகாத்மா காந்தி’ (1940) ஆவணப்படத்தில் காந்தி காந்தியாகவே தோன்றுகிறார். ஆயினும் திரையில் காணப்படுபவர் தொகுக்கப்பட்ட காந்தியே ஆவார். பல நாடுகளில் பலர் வெவ்வேறு நோக்கங்களுக்காக எடுத்த படச்சுருள்களைச் செட்டியார் தேடித் திரட்டினார். ஏறத்தாழ 50,000 அடியில் 12,000 அடியே படத்தில் இடம்பெற்றது. சிதறிய காட்சிகளை ஒரு வாழ்க்கை வரலாறாக இணைத்தவை இத்தேர்வும் தமிழ் விளக்கவுரையுமே.

அத்தமிழ் வடிவம் இன்று முழுமையாகக் கிடைக்கவில்லை. ஆய்வாளர்க்குக் கிட்டியிருப்பது 1953இல் அமெரிக்காவில் உருவான ஆங்கில வடிவம். விளக்கும் குரலும் பார்வையாளரும் மாறியபின் அதே உருவம் வேறு பொருள் தரும். எனவே ஆங்கில வடிவைக்கொண்டு தமிழ்ப் படத்தின் அரசியலை மதிப்பிடுதல் பொருந்தாது. உருவம் காந்தியுடையது, கூற்று தொகுப்பாளருடையது. இவ்வேறுபாட்டை ஆவணப்படத் திறனாய்வு பேணுதல் வேண்டும்.