கொல்லிமலையின் இருபுறம்: உருவமும் அரூபமும்

தமிழ்நாட்டு நவீன ஓவியத்தைப் பேசும்போது உருவம் ஒரு கட்சி, அரூபம் எதிர்க்கட்சி என்று பிரித்துவைப்பது நமக்குப் பழகிவிட்டது. இந்தப் பிரிவினை நிற்காது என்பதற்குக் கொல்லிமலையைச் சுற்றியுள்ள ஊர்களே சான்று. மலைக்கு இந்தப் பக்கம் நாமக்கல் சமவெளி; அந்தப் பக்கம் துறையூர்.

நாமக்கல் என்றதும் நினைவுக்கு வருபவர் வெ. இராமலிங்கம் பிள்ளை. 1888இல் மோகனூரில் பிறந்த அவரைக் கவிஞராகவே அறிவோம். அவர் தேர்ந்த ஓவியர் என்பது பலருக்குத் தெரியாது. தில்லி தர்பாரை ஒட்டி ஐந்தாம் ஜார்ஜ் மன்னரை வரைந்து தங்கப் பதக்கம் பெற்றவர் அவர். அந்தத் தலைமுறைக்கு ஓவியம் என்றால் சாயல். மூக்கும் முழியும் ஒத்துவர வேண்டும். கூலிக்கும் பெயருக்கும் அதுவே அளவுகோல்.

அந்த அளவுகோல் சென்னையில் மாறியது. 1850இல் அலெக்சாண்டர் ஹண்டர் தொடங்கிய கலைப் பள்ளிக்கு 1957இல் கே.சி.எஸ். பணிக்கர் முதல்வரானார். மேற்கின் நவீனத்தை அப்படியே எடுத்துக்கொள்ளாமல், நம் மண்ணின் கோடுகளையும் குறியீடுகளையும் தேடும்படி மாணவர்களைத் தூண்டினார். ஓவியர்கள் எல். முனுசாமியும் ஏ.பி. சந்தானராஜும் மனித உருவத்தைக் கலைத்துப் பார்த்தார்கள், கைவிட்டுவிடவில்லை.

இந்தச் சூழலில் வளர்ந்தவர் ஓவியர் கே.எம். ஆதிமூலம். 1938இல் கீரம்பூரில் பிறந்தார். நாமக்கல் பக்கத்திலும் ஒரு கீரம்பூர் உண்டு; இவருடையது துறையூர்க் கீரம்பூர். சிற்பி தனபாலின் வழிகாட்டுதலில் சென்னையின் அதே கலைப் பள்ளியில் சேர்ந்து 1966இல் படிப்பை முடித்தார்.

காந்தி நூற்றாண்டையொட்டி அவர் வரைந்த கறுப்பு வெள்ளைக் கோட்டோவியங்களில் ஒன்றைப் பாருங்கள். சற்றுத் தள்ளி நின்றால் காந்தி, ஐயமில்லாமல் காந்தி. கிட்டப் போனால் முகம் விலகிக்கொள்கிறது. மைக்கோடுகள் ஒன்றை ஒன்று வெட்டி ஓடுகின்றன. ஓரிடத்தில் நெருங்கி இருளாகின்றன, ஓரிடத்தில் தாளின் வெண்மையை அப்படியே விட்டுவிடுகின்றன. யதார்த்தமும் அரூபமும் அங்கே ஒரே தாளில் இருக்கின்றன. எதைக் காண்கிறோம் என்பதை நாம் நிற்கும் தூரம் முடிவுசெய்கிறது. பின்னர் வந்த மன்னர் வரிசையில் ஆடம்பரம் உளுத்துப்போன அரசர்களை வரைந்தபோதும் உருவத்தைக் கட்டியதும் சிதைத்ததும் அதே கோடுதான்.

இந்தக் கோடு வாசகரிடம் வந்து சேர்ந்ததில் சேலத்துக்குப் பங்குண்டு. கவிஞர் சி. மணியின் முயற்சியில் 1968இல் சேலத்திலிருந்து வெளிவரத் தொடங்கிய ‘நடை’, பிறகு சென்னையின் ‘கசடதபற’ எனச் சிற்றிதழ்களில் ஆதிமூலத்தின் ஓவியங்கள் இடம்பெற்றன. இதில் அச்சுத்தொழிலின் காரணமும் இருந்தது. அன்றைய அச்சில் ஒளிநிழல் நிறைந்த படத்துக்குப் புள்ளி பிளாக் வேண்டியிருந்தது, வழவழப்பான தாளும் வேண்டியிருந்தது. கோட்டோவியத்துக்குச் சாதாரண லைன் பிளாக்கும் சொரசொரத் தாளும் போதுமாயிருந்தன. கையில் காசில்லாத இதழ்களுக்கு அது கைகொடுத்தது. பின்னாளில் கி. ராஜநாராயணனின் கரிசல் எழுத்துக்கு ஆதிமூலம் வரைந்த படங்கள் வெகுஜன வாசகர் வீட்டுக்கும் போயின.

1980களில் அவர் வண்ணத்துக்குப் போனார். ஆள் இல்லை, மரம் இல்லை, தொடுவானம்கூட இல்லை. தடித்த எண்ணெய் வண்ணப் பரப்புகள் மட்டும். உருவத்தைத் துறந்துவிட்டார் என்றார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஓவியர் காண்டின்ஸ்கி முர்னாவ் ஊரின் நிலக்காட்சிகளை வரைந்து வரைந்தே அரூபத்துக்கு வந்தார். ஆதிமூலத்தின் வண்ணத்திலும் மண்ணும் நீரும் வெளியும் இருக்கின்றன. உருவத்தில் தேர்ந்த கை என்பதால்தான் அந்தப் பரப்புகள் அலங்காரமாகச் சரிந்துவிடாமல் கனத்தோடு நிற்கின்றன. இன்று உருவத்தையும் அரூபத்தையும் ஒரே சட்டகத்தில் கலக்கும் இளம் ஓவியர்கள் அவரிடம் கற்க வேண்டியது இதுதான்: கலப்பது பாணி அல்ல, பயிற்சியின் விளைவு.

ஆதிமூலம் 2008இல் மறைந்தார். அவருடைய கோடுகள் பழைய இதழ்களில் உதிர்ந்துகொண்டிருக்கின்றன. சேலம், நாமக்கல் பக்கத்தில் யார் வீட்டுப் பரணிலாவது ‘நடை’யோ ‘கசடதபற’வோ இருந்தால், பழைய பேப்பர்காரரிடம் போட்டுவிடாதீர்கள். ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்திலோ அருகிலுள்ள கல்லூரி நூலகத்திலோ சேர்த்துவிடுங்கள்.