சிரிப்பு யாருக்கு? சிறுமை யாருக்கு?

நகைச்சுவை கூர்வாள். அதை ஏந்திய கை எவர்மீது வீசுகிறது என்பதே கேள்வி. அமெரிக்காவின் காமெடி சென்ட்ரல் தொலைக்காட்சியில் 2004 முதல் 2007 வரை வந்த, வயது வந்தோருக்கான ‘டிரான் டுகெதர்’ என்னும் கார்ட்டூன் தொடரை இக்கேள்வியோடுதான் காண வேண்டும்.

டேவ் ஜெசர், மாட் சில்வர்ஸ்டீன் இருவரும் படைத்த இத்தொடரில், எட்டுச் சித்திர மாந்தர் ஒரே வீட்டில் குடியேற்றப்படுகின்றனர். மாவீரன் ஒருவன், இளவரசி ஒருத்தி, பழைய கருப்பு வெள்ளைப் படத்து அழகி ஒருத்தி, துப்பறியும் பாடகி ஒருத்தி... குழந்தைகளின் கார்ட்டூன்கள் வார்த்தெடுத்த அதே அச்சுகள்! சுற்றிலும் காமிராக்கள், தனியே அமர்ந்து மனம் திறக்கும் வாக்குமூலங்கள். 1992இல் எம்.டி.வி. தொடங்கிய ‘தி ரியல் வேர்ல்ட்’ வகுத்த பாதை அது. ‘உண்மை வாழ்க்கை’ என்று விற்கப்படும் காட்சியிலே வெட்டுவது எவ்வளவு, ஒட்டுவது எவ்வளவு! கோடுகளால் வரைந்த பொம்மையை ‘உண்மை மனிதர்’ என்று நிறுத்தியதும் அந்த வாணிபத்தின் வேடம் கலைகிறது. இது வெற்றி, பாராட்டுவோம்.

இளவரசி கிளாராவைப் பாருங்கள். எழில் முகம், இனிய குரல், பக்திப் பேச்சு. உள்ளமோ இனவெறியின் உறைவிடம்! கருப்பினப் பெண் ஃபாக்ஸியிடம் முதல் நிகழ்ச்சியிலேயே அது வெளிப்படுகிறது. நாம் சிரிக்கிறோம்; கிளாராவைப் பார்த்தே சிரிக்கிறோம். மாளிகையும் மகுடமும் மறைத்த மடமை சந்திக்கு வருகிறது.

ஆனால் லிங்-லிங்? ஜப்பானியச் சித்திரங்களின் சிற்றுயிரைப் பகடி செய்யும் அதன் வாயில் எந்நாட்டு மொழியும் இல்லை. ஆசிய மொழிபோல் ஒலிக்கும் பொருளற்ற உளறல். அடியிலே ஆங்கில எழுத்து. இங்கே நகைப்புக்கு ஆளானவன் யார்? வெறியனா? இல்லை, வேற்றுமொழி பேசுவோன்! அழகி டூட்டின் பருத்த உடலை எள்ளும் காட்சிகளும் அத்தகையனவே.

“எல்லோரையும்தானே கேலி செய்கிறோம், இதில் ஓரவஞ்சனை ஏது?” என்று வாதிடுவோர் உண்டு. மேட்டில் நிற்பவன்மீதும் பள்ளத்தில் கிடப்பவன்மீதும் ஒரே கல்லை எறிவது சமநீதியாகுமா? முன்னவன் மகுடத்தை இழப்பான். பின்னவன் மானத்தையன்றோ இழப்பான்!

தோழர்களே, சிரிக்க மறுக்காதீர். சிரித்தபின் சிந்திக்க மறவாதீர். அடிபட்டது வெறியா, வெறிக்கு இரையானவனா? வெறியெனில் கைதட்டுவோம். இரையானவன் எனில், சிரிப்பை நிறுத்திக் காரணம் கேட்போம்!